அடுத்து எதைப் படிப்பது? நூல் பக்கத்தின் நடுக்கோடு குறித்து

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

தங்கள் நாளிதழின் நூல் பக்கத்தைப் பல ஆண்டுகளாகத் தவறாமல் படித்துவருபவன் என்ற உரிமையில் இக்கடிதத்தை எழுதுகிறேன். அண்மையில் அப்பக்கத்தில் வெளியான ஆண்டிறுதிப் பரிந்துரைப் பட்டியலே இதற்குக் காரணம். இடப்பக்கம் புனைவு நூல்கள் பத்து, வலப்பக்கம் அபுனைவு நூல்கள் பத்து, இரண்டுக்கும் நடுவே மேலிருந்து கீழ்வரை ஒரு கோடு. தேர்ந்தெடுக்கப்பட்ட நூல்களின் தரம் குறித்து எனக்குக் குறை எதுவும் இல்லை. அவற்றுள் சிலவற்றை நானும் படித்து மதித்திருக்கிறேன். எனக்கு உறுத்துவது அந்தக் கோடு. நாவல் படிப்பவர் இடப்பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டுத் தாளை மடித்துவிடுவார். வரலாறும் அறிவியலும் படிப்பவர் வலப்பக்கத்தோடு நிறுத்திக்கொள்வார். அவரவருக்கு ஏற்கெனவே பழகிய தெருவிலேயே இன்னும் பத்து வீடுகளைக் காட்டியதற்கு மேல் அப்பட்டியல் எதையும் செய்யவில்லை என்பது என் எண்ணம். பல துறை நூல்களும் கதைகளும் கலந்த ஒரு வாசிப்பை ஒருவர் எப்படித் தேடி அமைத்துக்கொள்வது என்பதற்கு வழிகாட்ட வேண்டிய இடம் நூல் பக்கம்தான் என்பதால், அது பற்றிச் சிலவற்றைச் சொல்லத் தங்கள் அனுமதியை வேண்டுகிறேன்.

முதலில் ஒரு சிறு கணக்கு. ஓய்வுபெற்ற கணித ஆசிரியன் என்பதால் இந்தப் பழக்கம் என்னை விடவில்லை. நாளொன்றுக்கு 20 பக்கம் விடாமல் படிக்கும் ஒருவர் ஆண்டில் 7,300 பக்கங்களைப் படிக்கிறார். நூலொன்றுக்குச் சராசரியாக 300 பக்கம் என்று வைத்தால், அது ஆண்டுக்கு 24 நூல்கள். 40 ஆண்டுகள் இடைவிடாமல் படித்தாலும் ஆயிரத்தைத் தொடவில்லை. ஒரு நடுத்தர நூலகத்தின் இரண்டு மூன்று அடுக்குகளில் அடங்கிவிடும் எண்ணிக்கை அது. ஆகவே எதைப் படிப்பது என்ற கேள்வி, நாம் நினைப்பதைவிட மிக நெருக்கடியான கேள்வி. அந்த ஆயிரமும் ஒரே சாயலில் அமைந்துவிட்டால், படித்த நூல்களின் எண்ணிக்கை கூடுமே தவிர, படித்தவரின் உலகம் அந்த அளவுக்குக் கூடாது.

கோட்டுக்கு வருகிறேன். இது தொன்றுதொட்டு வந்த பிரிவினை போலத் தோன்றினாலும், இதழ்களில் இப்படி இரு பத்திகளாகப் பிரித்துப் போடும் வழக்கத்துக்கு வயது அதிகம் இல்லை. 'நியூயார்க் டைம்ஸ்' நாளிதழ் 1931-ஆம் ஆண்டு அக்டோபரில் தன் முதல் விற்பனைப் பட்டியலை வெளியிட்டபோது, அதில் ஐந்து புனைவு நூல்களும் நான்கு அபுனைவு நூல்களும் தனித்தனியே இருந்தன. அதுவும் நியூயார்க் நகரத்து விற்பனையை மட்டும் கணக்கிட்ட பட்டியல். பின்னாளில் உலகெங்கும் இதழ்கள் பட்டியல் போட்ட விதத்தில் இந்த அமைப்பே மீண்டும் மீண்டும் வருகிறது. நம் மொழியின் பழைய இலக்கண நூலான தொல்காப்பியமோ, செய்யுளியலில் உரைநடையை நான்கு வகையாகப் பகுக்கும்போது, அவற்றில் ஒன்றைப் 'பொருள் மரபு இல்லாப் பொய்ம்மொழி' என்றும் மற்றொன்றைப் 'பொருளொடு புணர்ந்த நகைமொழி' என்றும் சொல்கிறது. பொய்யும் பொருளும் எந்த அளவில் கலக்கின்றன என்பதே அங்கே அளவுகோல். முழுதும் கட்டிய கதைக்கும் உண்மையைச் சிரிப்போடு சேர்த்துச் சொல்லும் உரைக்கும் ஒரே நூற்பாவில் இடம் கிடைத்துவிடுகிறது.

'அபுனைவு' என்ற சொல்லைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். தமிழ்ச்சொல்லின் தலையில் வடமொழி எதிர்மறையை ஒட்டிய அதன் அமைப்பைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். விண்மீன்களைப் பற்றிய நூலையும், ஒரு கைதியின் தன்வரலாற்றையும், தச்சு வேலைக் கையேட்டையும், போர் வரலாற்றையும் 'கதையாக இல்லாதவை' என்ற ஒரே காரணத்தால் ஒரு கூரையின்கீழ் அடைப்பது, உயிரியல் பூங்காவில் 'யானை அல்லாதவை' என்று ஒரு கூண்டு வைப்பதைப் போன்றது. அந்தக் கூண்டைப் பார்த்து "எனக்கு அபுனைவு பிடிக்காது" என்று ஒருவர் சொல்லும்போது, அவர் உண்மையில் எதை வேண்டாம் என்கிறார் என்பது அவருக்கே தெரிவதில்லை. பெரும்பாலும் பள்ளிப் பாடநூலைத்தான் வேண்டாம் என்கிறார்.

பரிசுகளை வழங்குவோர்கூட இந்தக் கோட்டை எப்போதும் மதித்ததில்லை. இலக்கியத்துக்கான நோபல் பரிசு நாவலாசிரியர்களுக்கும் கவிஞர்களுக்கும் மட்டுமே உரியது என்று பலர் எண்ணுகிறார்கள். ஆனால் அப்பரிசின் இரண்டாம் ஆண்டான 1902-இலேயே, உரோமானிய வரலாற்றை எழுதிய தியோடர் மாம்சென் என்ற வரலாற்றாசிரியருக்கு அது வழங்கப்பட்டது. 1950-இல் மெய்யியலாளர் பெர்ட்ரண்ட் ரஸ்ஸலும், 1953-இல் வரலாற்று நூல்களுக்காகவும் சொற்பொழிவுகளுக்காகவும் வின்ஸ்டன் சர்ச்சிலும், 2015-இல் சாதாரண மனிதர்களின் வாய்மொழிச் சாட்சியங்களைத் தொகுத்து எழுதிய ஸ்வெத்லானா அலெக்சியேவிச்சும் அதைப் பெற்றார்கள்.

நூலகங்களின் அடுக்குகளும் இந்தப் பிரிவினைக்கு ஓரளவு பொறுப்பு. மெல்வில் டூயி 1876-இல் வெளியிட்ட பதின்மப் பகுப்பு முறை, அறிவு முழுவதையும் பத்துப் பெரும் வகுப்புகளாக்கி, அறிவியலுக்கு 500, இலக்கியத்துக்கு 800, வரலாற்றுக்கும் புவியியலுக்கும் 900 என்று எண் கொடுத்தது. நடைமுறையில் பல பொது நூலகங்கள் நாவல்களை அந்த 800-இலிருந்தும் வெளியே எடுத்து, ஆசிரியர் பெயரின் அகரவரிசையில் தனி இடத்தில் அடுக்கிவிடுகின்றன. நாவல் வாசகர்களுக்கு இது வசதியே. ஆனால் கொள்ளைநோயைப் பற்றிய நாவல் ஒரு மூலையிலும், அதே நோயைப் பற்றிய மருத்துவ வரலாறு வேறொரு மாடியிலும் இருந்தால், முதலாவதைப் படித்து முடித்து அதன் சூடு ஆறாமல் இருக்கும் வாசகர், இரண்டாவது என ஒன்று இருப்பதையே அறியாமல் வீடு திரும்புகிறார்.

இந்த இடத்தில் எஸ். ஆர். ரங்கநாதனை நினைவுகூராமல் இருக்க முடியாது. கணித ஆசிரியராக இருந்து 1924-இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகராகப் பொறுப்பேற்றவர் அவர். அதே கணிதத்தைக் கற்பித்துவிட்டு வெறும் வாசகனாகவே நின்றுவிட்ட எனக்கு அவர்மேல் தனிப்பட்ட பற்று உண்டு என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். 1931-இல் அவர் வகுத்த நூலக அறிவியலின் ஐந்து விதிகளில், 'ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்குரிய நூல்' என்பது இரண்டாவது. 'ஒவ்வொரு நூலுக்கும் அதற்குரிய வாசகர்' என்பது மூன்றாவது. மேலோட்டமாகப் பார்த்தால் ஒன்றையே திருப்பிச் சொன்னதுபோல் இருக்கும். ஆனால் இரண்டாவது விதி, தனக்கு என்ன வேண்டும் என்று தெரிந்து வருபவருக்கானது. மூன்றாவது, யாரும் கேட்காமல் அடுக்கில் காத்திருக்கும் நூலின் சார்பில் பேசுவது. வாசகர்கள் தாமே அடுக்குகளுக்கிடையே நடந்து நூல்களைத் தொட்டுப் பார்க்கும் திறந்த முறையை அவர் வற்புறுத்தியது இந்த மூன்றாவது விதியின் பேரில்தான்.

அவர் சொன்ன இன்னொரு கருத்து அவ்வளவு பரவலாகப் பேசப்படுவதில்லை. எனக்கு அது விதிகளைவிடப் பயன்பட்டிருக்கிறது. நல்ல முறையில் வகைப்படுத்தி அடுக்கிய நூல்களைக் கிரகணத்தின் நிழலோடு அவர் ஒப்பிட்டார். நாம் தேடிவந்த பொருளைப் பற்றிய நூல்கள் நடுவில் கருநிழலாக இருக்கும். அவற்றின் இருபுறமும், அப்பொருளோடு பாதி உறவுள்ள நூல்கள் புறநிழலாக இருக்கும். அதற்கும் அப்பால் தொடர்பில்லாத அயல் நூல்கள். பலவகைப்பட்ட வாசிப்பைத் தேடுபவருக்கு வேண்டியது அந்தப் புறநிழல் என்பது என் அனுபவம். கருநிழலிலேயே நின்றால் ஒரே பொருளைச் சுற்றிவருவோம். அயலில் போய்க் கண்ணை மூடிக்கொண்டு ஒரு நூலை எடுத்தால், பத்தாம் பக்கத்தில் சலித்துத் திருப்பி வைப்போம். ஏற்கெனவே ஆர்வம் ஒரு காலை ஊன்றியிருக்கும் இடத்திலிருந்து மறுகாலைச் சற்றே எட்டி வைத்தால் மட்டுமே அந்த ஆர்வம் நம்மோடு நடந்து வருகிறது.

என் வாசிப்பிலேயே நடந்த ஒன்றைச் சொல்லுகிறேன். நெடுங்காலம் நான் நாவல்களை மட்டுமே படித்தவன். பாய்மரக் கப்பல்களின் காலத்தைக் களமாகக் கொண்ட ஒரு கடல் நாவலைப் படித்துக்கொண்டிருந்தபோது, கப்பல் எங்கே இருக்கிறது என்பதை மாலுமிகளால் உறுதியாகச் சொல்ல முடியாமல் தவிக்கும் ஒரு காட்சி வந்தது. வடக்கு தெற்காக நிற்குமிடத்தைச் சூரியனையும் விண்மீனையும் கொண்டு அளந்துவிடுகிறார்கள். கிழக்கு மேற்காக எங்கே நிற்கிறோம் என்பதுதான் தெரியவில்லை. ஏன் என்ற கேள்வி நாவல் முடிந்த பின்னும் போகவில்லை. அந்தக் கேள்வியே என்னைக் கடற்பயண வரலாற்று நூல்களிடம் கொண்டுபோனது. 1707-இல் சில்லித் தீவுகளுக்கருகே இங்கிலாந்தின் நான்கு போர்க்கப்பல்கள் பாறைகளில் மோதி ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டதையும், 1714-இல், கிழக்கு மேற்காக நிற்குமிடத்தைக் குறிக்கும் தீர்க்கரேகையைக் கண்டறியும் முறைக்கு 20,000 பவுண்டு வரை பரிசளிப்பதாக அந்நாட்டு நாடாளுமன்றம் சட்டம் இயற்றியதையும், தச்சராகத் தொழில் தொடங்கிய ஜான் ஹாரிசன் தன் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டு, அலையாட்டத்திலும் நேரம் தவறாத கடிகாரத்தை உருவாக்கியதையும் அங்கேதான் படித்தேன். புறப்பட்ட துறைமுகத்தின் நேரத்தைக் கடிகாரம் காட்டினால், அதற்கும் கப்பல் நிற்குமிடத்தின் சூரிய நேரத்துக்கும் உள்ள வேறுபாடே தீர்க்கரேகையைச் சொல்லிவிடும். புவி ஒரு மணி நேரத்தில் 15 பாகை சுழல்கிறது என்று ஆண்டுதோறும் கரும்பலகையில் எழுதியவன் நான். கடிகாரத்தில் ஒரு நிமிடம் பிசகினால் நிலநடுக்கோட்டில் ஏறத்தாழ 28 கிலோமீட்டர் வழி தவறிவிடும் என்று ஒரு நாளும் கணக்கிட்டுப் பார்த்ததில்லை. அதைச் செய்ய வைத்தது ஒரு கதை.

அந்த வரலாற்று நூல்களிலேயே, புதிய பழமும் காய்கறியும் கிடைக்காததால் வரும், நெடும்பயணங்களில் போரைவிட அதிகமான மாலுமிகளைக் கொன்ற ஸ்கர்வி நோய் பற்றிய பக்கங்கள் வந்தன. அங்கிருந்து மருத்துவ வரலாற்றுக்குப் போனேன். 1747-இல் ஜேம்ஸ் லிண்ட் என்ற கப்பல் மருத்துவர் நோயுற்ற 12 மாலுமிகளை இருவர் இருவராக ஆறு பிரிவாக்கி, ஒவ்வொரு பிரிவுக்கும் ஒவ்வொரு மருந்தைக் கொடுத்துப் பார்த்ததும், ஆரஞ்சும் எலுமிச்சையும் தின்ற இருவர் மட்டும் விரைந்து தேறியதும், அது கண்கூடாகத் தெரிந்த பின்னும் இங்கிலாந்துக் கடற்படை எலுமிச்சைச் சாற்றை முறையாக வழங்க 1795 வரை காத்திருந்ததும் எந்த நாவலுக்கும் குறையாத சோகக் கதைகள். லிண்டின் சோதனையைப் பற்றிப் படித்தவர், மருந்துகளைச் சோதிக்கும் முறை எப்படி வளர்ந்தது என்று கேட்காமல் இருக்க முடியாது; காசநோய்க்கு ஸ்ட்ரெப்டோமைசின் பயன்படுகிறதா என்று குலுக்கல் முறையில் நோயாளிகளைப் பிரித்துச் சோதித்து 1948-இல் வெளியிட்ட ஆய்வுக்கு அக்கேள்வி வந்து சேர்கிறது. காசநோய் வரலாற்றைப் புரட்டிய பிறகு, அந்நோயாளிகள் மாதக்கணக்கில் தங்கியிருந்த மலைவாச மருத்துவமனைகளைக் களமாகக் கொண்ட நாவல்களைத் தேடிப் போனேன். புறப்பட்ட இடத்துக்கே, ஆனால் வேறொரு வாசல் வழியாக, வந்து சேர்ந்துவிட்டேன். இடையில் ஏறக்குறைய ஒன்றரை ஆண்டு கழிந்திருந்தது. ஒரு பட்டியலையும் நான் பார்த்திருக்கவில்லை.

இப்படிப்பட்ட தொடர்ச்சி தற்செயலாக அமைவது என்று சிலர் சொல்லக்கூடும். ஓரளவுக்கு அது உண்மை. ஆனால் தற்செயலுக்கு இடம் கொடுக்கும் பழக்கங்கள் சில உண்டு. நூலின் கடைசிப் பக்கங்களைப் படிப்பது அவற்றில் முதன்மையானது. துணைநூற் பட்டியலையும் அடிக்குறிப்புகளையும் ஆய்வாளர்களுக்கானவை என்று பொதுவாசகர்கள் கடந்து போய்விடுகிறார்கள். உண்மையில், ஒரு துறையில் பல ஆண்டுகள் உழைத்த ஒருவர், தமக்குப் பயன்பட்டவை இவை என்று கையெழுத்திட்டுத் தரும் பரிந்துரைக் கடிதம் அது. அதிலும் ஆசிரியர் எந்த நூலைத் திரும்பத் திரும்பக் குறிப்பிடுகிறார், எந்த நூலோடு சண்டை போடுகிறார் என்பதைக் கவனித்தால் போதும். எனக்குக் கிடைத்த மிகச் சிறந்த நூல்கள் சில, ஆசிரியர் கடிந்துகொண்ட நூல்களே. இப்போதெல்லாம் வரலாற்று நாவலாசிரியர்களும் பின்னுரையில் தாம் படித்த நூல்களைச் சொல்லிவிடுகிறார்கள். நாவலிலிருந்து துறை நூலுக்குப் போகும் ஒற்றையடிப் பாதை அது. மொழிபெயர்ப்பு நூலாக இருந்தால், அதே மொழிபெயர்ப்பாளர் வேறு எதை மொழிபெயர்த்திருக்கிறார் என்று பார்ப்பது ஆசிரியரைப் பின்தொடர்வதைவிடப் பலவகைப்பட்ட நூல்களைக் கொண்டுவரும், ஏனெனில் நல்ல மொழிபெயர்ப்பாளர் ஒரே ஆசிரியரோடு நின்றுவிடுவதில்லை. தலைப்புப் பக்கத்தின் பின்புறத்தில் சிறிய எழுத்தில் அச்சிட்டிருக்கும் நூலகக் குறிப்பையும் பார்க்கலாம். அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 1971-இல் தொடங்கிய ஏற்பாட்டின்படி, நூல் அச்சேறும்போதே அதன் பொருள் தலைப்புகள் அங்கே பதிவாகிவிடுகின்றன. அந்தத் தலைப்பை எந்த நூலகத் தேடலில் இட்டாலும் அண்டை நூல்கள் வந்து நிற்கும்.

நூலகர் நான்சி பெர்ல் சொல்லும் ஒரு முறையையும் இங்கே குறிப்பிட வேண்டும். ஒரு நூலுக்குள் வாசகர் நுழையும் கதவுகள் நான்கு என்கிறார் அவர்: கதை, மாந்தர், களம், மொழி. ஒவ்வொருவருக்கும் இவற்றில் ஏதோ ஒன்று பெரிய கதவாக இருக்கும். அண்மையில் மிகவும் பிடித்துப்போன மூன்று நூல்களை நினைத்துப் பார்த்து, அவற்றுக்குள் எந்தக் கதவு வழியாகப் போனோம் என்று கேட்டுக்கொண்டால் அடுத்த நூலுக்கான திசை தெரிந்துவிடும். இம்முறையின் சிறப்பு, அது நம் கோட்டைக் கண்டுகொள்வதே இல்லை என்பதுதான். மாந்தருக்காக நாவல் படிப்பவருக்கு வாழ்க்கை வரலாறுகளும் கடிதத் தொகுப்புகளும் உரியவை. அடுத்து என்ன ஆகும் என்ற பதைப்புக்காகப் படிப்பவர், ஒரு நீதிமன்ற வழக்கையோ துருவப் பயணத்தையோ கட்டம் கட்டமாகச் சொல்லும் நூலை இரவோடு இரவாக முடித்துவிடுவார். இயற்கை வரலாறும் பயணநூலும் மட்டுமே படித்துவந்த ஒருவர் உண்மையில் களத்தின் காதலர். மண்ணும் மழையும் மாந்தரைப் போலவே உயிரோடு உலவும் நாவல் ஒன்றைக் கொடுத்தால் அவர் வேண்டாம் என்று சொல்லப்போவதில்லை.

பெர்ல் சொன்ன இன்னொரு விதி சற்றே வேடிக்கையானது. ஆனால் என் மேசையில் நடைமுறையில் இருப்பது. ஒரு நூலுக்கு 50 பக்கம் வாய்ப்புக் கொடுங்கள், பிடிக்கவில்லையென்றால் மூடிவிடுங்கள். 50 வயதைக் கடந்தவரானால், உங்கள் வயதை நூறிலிருந்து கழித்து வரும் எண்ணிக்கை வரை படித்தால் போதும் என்கிறார். எழுபதைத் தாண்டிய எனக்கு முப்பது பக்கம்கூட இல்லை. தொடங்கிய நூலை முடித்தே ஆக வேண்டும் என்ற பிடிவாதம், புதிய துறைகளில் கால் வைக்க நாம் தயங்குவதற்குப் பெரிய காரணம். பாதியில் நிறுத்தலாம் என்ற உரிமை இருந்தால், முன்பின் அறியாத பொருளைப் பற்றிய நூலையும் எடுத்துப் பார்க்கத் துணிவு வரும்.

இணையத்தில் நூல் வாங்கும்போது தானாக வரும் பரிந்துரைகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். இளைய வாசகர்கள் பெரும்பாலும் அவற்றையே நம்புகிறார்கள். அமேசான் நிறுவனத்தினர் 2003-இல் வெளியிட்ட கட்டுரையொன்றில் தங்கள் முறையை விளக்கியிருந்தார்கள். ஒரு பொருளை வாங்கியவர்கள் அதோடு சேர்த்து வேறு எவற்றை வாங்கினார்கள் என்று கணக்கிட்டு, பொருளுக்குப் பொருள் நெருக்கத்தை அளந்து வைத்துக்கொள்வதே அதன் அடிப்படை. திறமையான முறைதான். ஆனால் பலரும் சேர்த்து வாங்கியவை எவையோ அவற்றைத்தான் அதனால் காட்ட முடியும். யாரும் இதுவரை பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்காத இரண்டு நூல்களை அது தானாகச் சேர்த்து வைக்காது. கடல் நாவலை வாங்கியவனுக்கு இன்னும் ஆறு கடல் நாவல்களை அது காட்டும். கடிகாரத்தைக் காட்டாது. தேடாத ஒன்றைக் கண்டடைவதற்கு ஆங்கிலத்தில் 'செரண்டிபிட்டி' என்று ஒரு சொல் உண்டு. ஹொரேஸ் வால்போல் 1754-இல் எழுதிய கடிதமொன்றில் அதை உருவாக்கினார். இலங்கையின் பழைய பெயரான செரண்டிப் என்பதிலிருந்தும், அந்நாட்டு இளவரசர்கள் மூவரைப் பற்றிய கதையிலிருந்தும் அதை எடுத்ததாக அவரே விளக்குகிறார். அந்த இளவரசர்கள் தற்செயலோடு கூரிய அறிவும் சேர்ந்ததால்தான் தாம் தேடாதவற்றைக் கண்டடைந்தார்கள் என்பதையும் அவர் சேர்த்தே சொன்னார். இன்று அச்சொல்லைப் பயன்படுத்துவோர் அந்த இரண்டாம் பாதியை மறந்துவிடுகிறார்கள்.

கலந்து படிப்பது எதற்காக என்று கேட்பவர்களும் உண்டு. நாவல் படித்தால் பிறர் மனத்தை அறியும் திறன் வளரும் என்று 2013-இல் 'சயின்ஸ்' இதழில் ஓர் ஆய்வு வெளியானபோது, நாவல் வாசகர்கள் மகிழ்ந்து அதை எங்கும் மேற்கோள் காட்டினார்கள். பின்னர் வேறு ஆய்வாளர்கள் அதே சோதனையைத் திரும்பச் செய்து பார்த்து, 2016-இல் அந்த விளைவு கிடைக்கவில்லை என்று எழுதினார்கள். அது அவ்வளவாகப் பேசப்படவில்லை. நாவலை மருந்துபோல் பரிந்துரைக்கும் வேலையில் எனக்கு நம்பிக்கை இல்லை. சார்லஸ் டார்வின் தன் வாழ்க்கைக் குறிப்பில் சொல்வது என்னை அதைவிட அதிகமாகத் தொடுகிறது. முதுமையில் தன்னால் கவிதையின் ஒரு வரியைக்கூடச் சகிக்க முடியாமல் போனதையும், தன் மனம் உண்மைகளை அரைத்துப் பொதுவிதிகளாக்கும் எந்திரமாகிவிட்டதையும் வருத்தத்தோடு பதிவு செய்யும் அவர், இன்னொரு முறை வாழக் கிடைத்தால் வாரம் ஒரு தடவையாவது கவிதை படிப்பதையும் இசை கேட்பதையும் வழக்கமாக்கிக்கொள்வேன் என்கிறார். நாவல்கள் மட்டும் அவருக்குக் கடைசிவரை ஆறுதலாக இருந்தன. சோகமாக முடியும் நாவல்களைத் தடைசெய்யச் சட்டம் வேண்டும் என்று வேடிக்கையாகவும் எழுதினார்.

மறுபக்கத்தாருக்கு ஓர் எச்சரிக்கையும் உண்டு. கதை அல்லாத நூல் என்பதாலேயே அதில் உள்ளதெல்லாம் உண்மை என்று பொருளில்லை. நாவல்களைவிட இவற்றுக்கு வெளியான ஆண்டு முக்கியம். புவித்தட்டுக் கோட்பாடு நிலைபெற்ற 1960-களின் இறுதிக்கு முந்திய நிலவியல் நூல், மலைகள் ஏன் எழுகின்றன என்பதற்கு வேறு விளக்கம் தரும். 2006-க்கு முந்திய வானியல் நூலில் புளூட்டோ கோளாகவே இருக்கும். காப்புரிமை முடிந்த நூல்களை இலவசமாகத் தரும் 'புராஜெக்ட் குட்டன்பர்க்' போன்ற மின்தொகுப்புகளைப் பயன்படுத்துவோர் இதை நினைவில் கொள்ள வேண்டும். 1971-இல் தொடங்கிய அத்தொகுப்பு பழைய நாவல்களுக்கும் பயணக் குறிப்புகளுக்கும் அருமையான சுரங்கம். அறிவியலுக்கு அங்கே போவதென்றால் அறிவியலின் வரலாற்றைப் படிக்கப் போகிறோம் என்ற தெளிவோடு போக வேண்டும்.

இனி என் வேண்டுகோள். தங்கள் நூல் பக்கத்தில் பட்டியல்கள் வேண்டாம் என்று நான் கேட்கவில்லை. ஒவ்வொரு மதிப்புரையின் கீழும் மூன்று வரிக்கு இடம் ஒதுக்கி, அந்நூலின் புறநிழலில் நிற்கும் இரண்டு நூல்களை, ஒன்று கதையாகவும் மற்றொன்று கதையல்லாததாகவும், மதிப்புரையாளர் குறிப்பிட வேண்டும் என்று கேட்கிறேன். அவற்றில் ஒன்றாவது பத்து ஆண்டுகளுக்கு முன் வெளிவந்த பழைய நூலாக இருக்கட்டும். புதிய நூலுக்கு விளம்பரம் உண்டு, பழைய நூலுக்குப் பேச ஆள் இல்லை. மதிப்புரைக்கு வந்த நூல் தமக்கு எப்படிப் பொருந்தியது, கதவு எது என்பதையும் அவர் ஒரு வாக்கியத்தில் சொல்லலாம். பரிசுச் செய்திகளை வெளியிடும்போது, வென்ற ஒரு நூலோடு நிறுத்தாமல், நடுவர்கள் முதற்கட்டத்தில் தேர்ந்தெடுத்த நெடும்பட்டியல் முழுவதையும் அச்சிட வேண்டும். நடுவர்களுக்குள் உடன்பாடு வராமல் விடுபட்ட நூல்கள் பலவும் அங்கேதான் இருக்கும். சர்வதேச புக்கர் பரிசு 2016 முதல் பரிசுத்தொகையை ஆசிரியருக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் சமமாகப் பகிர்ந்தளிக்கிறது. தங்கள் பக்கத்தில் மொழிபெயர்ப்பாளரின் பெயர் பல வேளைகளில் அச்சாவதே இல்லை என்பதையும் இந்த இடத்தில் சுட்டிக்காட்ட விரும்புகிறேன். விற்பனை விவரப் பெட்டியில் விலைக்கும் பக்கங்களுக்கும் இடம் இருக்கும்போது ஒரு பெயருக்கு இடம் இல்லாமல் போகாது.

அடுத்த ஆண்டிறுதிப் பட்டியலுக்கு நூல்களைத் தேர்ந்தெடுப்போர் இதே இருபது நூல்களைக்கூட எடுத்துக்கொள்ளட்டும். அவற்றை இடமும் வலமுமாகப் பிரிக்காமல், ஒன்றைப் படித்தவர் அடுத்து எதற்குப் போகலாம் என்ற வரிசையில் அடுக்கினால் போதுமானது. அப்படி அடுக்குவதற்கு, தேர்ந்தெடுப்போர் இருபதையும் படித்திருக்க வேண்டியிருக்கும் என்பதை நான் அறியாமல் சொல்லவில்லை.

இப்படிக்கு,
தங்கள் நாளிதழின் நெடுநாள் வாசகன்,
ஓய்வுபெற்ற கணித ஆசிரியன்